மலைக்குள் இல்லாத ஆயுதம்

மூணாற்றுக்கு அருகே, தேயிலைத் தோட்டத் தொழிலாளரின் பிள்ளைகள் பயிலும் தமிழ்வழிப் பள்ளியொன்றில், விஞ்ஞானப் பாடவேளையின் இறுதியில் ஒரு சிறுவன் எழுந்து நின்று என்னை வினவினான்: "சார், போடி மலைக்குள்ளே வைக்கப்போகிற நியூட்ரினோவைத் திருப்பிவிட்டால் மலை, மரம், மனிதர் எல்லாம் வேறு பொருளாக மாறிப்போய்விடுமாமே, உண்மையா?" வகுப்பு சிரித்தது. ஆசிரியரும் சிரித்தார். சற்றே தாமதித்து நானும் சிரித்துவிட்டேன். சிறுவன் உட்கார்ந்துகொண்டான்; மணி அடிக்கும் வரை அவன் மீண்டும் வாய் திறக்கவில்லை. நாங்கள் சிரித்தது தவறு என்பதைச் சொல்லவே இதனை எழுதுகிறேன்.

சிரித்தவர்களுள் எவரேனும் அவனுக்கு விடை கூறத்தக்கவராக இருந்தோமா என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். "அப்படியெல்லாம் ஒன்றுமில்லை, உட்கார்" என்பது விடையன்று, அதிகாரம். நியூட்ரினோ என்பது யாது, அதனைக் கொண்டு ஒரு பொருளை மாற்ற இயலுமா, இயலுமெனில் எவ்வளவு சக்தி வேண்டும், அச்சக்தி எங்கிருந்து கிடைக்கும் என்று படிப்படியாக எடுத்துரைக்க அவ்வறையில் ஒருவரும் ஆயத்தமாக இல்லை. நான் ஆயத்தமாக இருந்தேன் என்று சொல்லிக்கொள்வதற்கில்லை. நான் அங்குச் சென்றதே மழைமானிக் குறிப்பேட்டைப் பார்வையிடுவதற்காகத்தான்.

அவ்வினா எங்கிருந்து வந்தது என்பதை முதலில் காண்போம். மூணாற்றிலிருந்து தேவிகுளம், பூப்பாறை வழியே கிழக்கே சென்றால் போடிமெட்டில் மலை முடிந்து, சாலை தேனி மாவட்டத்துச் சமவெளிக்கு இறங்குகிறது. அம்மலைத் தொடரின் கீழ்ப்புறத்து அடிவாரத்தில் உள்ளது பொட்டிப்புரம் என்னும் சிற்றூர். அதனை ஒட்டிய மலையைக் கிடைமட்டமாகச் சுமார் 2 கிலோமீட்டர் குடைந்து, உள்ளே ஒரு குகை அமைத்து, அதில் 50,000 டன் காந்தமேற்றிய இரும்புத் தகடுகளை அடுக்கி, நியூட்ரினோத் துகள்களை ஆராய்வது என்பது இந்திய நியூட்ரினோ ஆய்வகத் திட்டம். ஏறத்தாழ 1,500 கோடி ரூபாய் மதிப்புள்ள இத்திட்டத்துக்கு மத்திய அமைச்சரவை 2015 ஜனவரியில் ஒப்புதல் அளித்தது. இதை எழுதும் நாள் வரை அங்கே சுரங்கம் குடையப்படவில்லை. எனினும், மூணாற்றுத் தோட்டக் குடும்பங்கள் பலவற்றுக்குக் கொண்டான் கொடுத்தான் உறவெல்லாம் போடியிலும் தேனியிலும் கம்பத்திலும் உண்டாதலின், கீழே பேசப்பட்டவை யாவும் காய்கறி மூட்டைகளோடு மலையேறி வந்துவிட்டன.

வந்த செய்தி இங்கே ஒரு பழைய கதையோடு கலந்தது. பொருளின் இயல்பையே மாற்றும் ஆயுதம் நம் மக்களுக்குப் புதிதன்று. கூத்திலும் கதைப் பிரசங்கத்திலும் மோகனாஸ்திரத்தையும் நாகபாசத்தையும் கேட்டு வளர்ந்தவர்கள் நாம். கம்பராமாயணத்து இந்திரசித்தன் எய்த அம்புகள் அனைத்தினும் கொடியது அவன் கொணர்ந்த மாயா சீதைதான் என்பது என் கருத்து. அவள் ஒருவரையும் கொல்லவில்லை. எதிரிகள் மெய்யென நம்பியதை மட்டுமே மாற்றினாள். இக்காலத்தில் அந்த வேலையைத் திரைப்படம் செய்கிறது. 2009-இல் வெளிவந்த '2012' என்னும் ஹாலிவுட் படம் இந்தியாவிலுள்ள ஓர் ஆழமான செப்புச் சுரங்கத்தில் தொடங்குகிறது. சூரியனிலிருந்து வரும் நியூட்ரினோக்கள் திடீரென வேறுவகைத் துகளாக மாறிப் பூமியின் உட்பகுதியைக் கொதிக்க வைக்கின்றன. அதன் பின் மலைகள் சரிகின்றன, கடல் பொங்குகிறது, உலகம் உருமாறுகிறது. இந்தியா, சுரங்கம், நியூட்ரினோ ஆகிய மூன்றையும் ஒரே காட்சியில் கண்ட ஒருவர், சில ஆண்டுகள் கழித்துத் தம் ஊர் மலைக்குள் நியூட்ரினோச் சுரங்கம் வருகிறது என்று கேட்டால் என்ன நினைப்பார்? அவரை அறிவிலி என்பது நியாயமன்று. தமக்குக் கிடைத்த சான்றைக் கொண்டு அவர் முடிவு செய்தார். கிடைத்த சான்று பொய்யாக இருந்தது, அவ்வளவே.

பெயரும் ஒரு தொல்லை. நியூட்ரான் குண்டு என்று ஒன்று உண்மையாகவே இருந்தது. கட்டடங்களைக் காட்டிலும் உயிர்களை அழிப்பதற்கென்றே அமெரிக்கர் அதனை உருவாக்கினர். நியூட்ரான், நியூட்ரினோ என்ற இரு சொற்களும் செவிக்கு ஒன்றுபோலவே ஒலிக்கின்றன. இதில் நம் மக்கள் மட்டும் தடுமாறவில்லை. 1930-இல் வுல்ஃப்காங் பௌலி இத்துகளை முதன்முதலாகக் கற்பித்துச் சொன்னபோது அதற்கு அவர் இட்ட பெயரே நியூட்ரான் என்பதுதான். 1932-இல் சாட்விக் கண்டறிந்த கனமான துகளுக்கு அப்பெயர் நிலைத்துவிட்டமையால், பௌலியின் துகளுக்கு 'சின்ன நடுநிலையான்' என்ற பொருள்பட இத்தாலிய மொழியில் நியூட்ரினோ என்ற பெயர் வழக்கில் வந்தது. விஞ்ஞானிகளுக்கே நேர்ந்த பெயர்க்குழப்பம் ஒரு தேயிலைத் தோட்டத்துச் சிறுவனுக்கு நேர்ந்தால் வியப்பென்ன!

இனி, துகளைப் பற்றி. சூரியனிலிருந்து வரும் நியூட்ரினோக்கள் மட்டும் பூமியின் ஒவ்வொரு சதுர சென்டிமீட்டர் வழியாகவும் வினாடிக்குச் சுமார் 6,500 கோடி என்ற அளவில் பாய்ந்து செல்கின்றன. பகலில் தலைவழியே நுழைகின்றன. இரவில் பூமியை ஊடுருவிக் காலடிவழியே வருகின்றன. அவை எதனோடும் மோதுவது மிக அரிது. நம் உடம்பிலுள்ள பொட்டாசியத்தில் ஒரு சிறு பகுதி கதிரியக்கம் உடையது. அதனால் நம் ஒவ்வொருவர் உடலிலிருந்தும் வினாடிக்குச் சில ஆயிரம் இத்தகைய துகள்கள் வெளியேறிக்கொண்டே இருக்கின்றன. வகுப்பில் இதைச் சொன்னால் பிள்ளைகள் தம் கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பார்கள். 1987 பிப்ரவரியில், அண்டை விண்மீன் மண்டலமொன்றில் வெடித்த விண்மீனின் நியூட்ரினோ வெள்ளம் பூமியைக் கடந்து சென்றது. உலகிலிருந்த கருவிகள் அனைத்தும் சேர்ந்து அவற்றுள் சுமார் 25 துகள்களையே பிடித்தன. அன்று இம்மலையில் கொழுந்து பறித்தவர் எவருக்கும் யாதொன்றும் தெரியவில்லை. கூடையிலிருந்த கொழுந்தும் கொழுந்தாகவே இருந்தது.

"தீங்கற்ற பொருளாயின் அதனை ஏன் மலைக்குள் ஒளித்து வைக்க வேண்டும்?" என்பது அடுத்த கேள்வி. மக்கள் கேட்டவற்றுள் இதுவே மிக நல்ல கேள்வி என்பேன். ஒளிப்பதற்கன்று, ஒதுங்குவதற்கு. வானத்திலிருந்து மியூவான் என்னும் துகள்கள் இடையறாது பொழிகின்றன. விரித்த உள்ளங்கையின் வழியே வினாடிக்கு ஒன்று என்ற அளவில் இக்கணமும் அவை செல்கின்றன. திறந்த வெளியில் கருவியை வைத்தால் இவற்றின் ஆரவாரத்தில் நியூட்ரினோவின் மெல்லிய அடையாளம் கேளாது. 1 கிலோமீட்டர் பாறை மேலே இருந்தால் மியூவான் மழை ஏறத்தாழ பத்து இலட்சத்தில் ஒரு பங்காகக் குறைந்துவிடும். சந்தையில் நின்றுகொண்டு கைக்கடிகாரத்தின் ஓசையைக் கேட்க முயல்கிறவன் ஓர் அறைக்குள் சென்று கதவைச் சாத்திக்கொள்வது போன்றதே இது. மலை இங்கே கதவு.

ஆயினும், ஆயுதம் என்பது முற்றிலும் கற்பனை என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுதலும் முறையன்று. கதையில் வந்த ஆயுதம் மெய்யான வரலாறும் உண்டு. 1914-இல் வெளிவந்த ஒரு நாவலில் எச். ஜி. வெல்ஸ் அணுகுண்டு என்ற சொல்லைப் பயன்படுத்தினார். 1932-இல் அதனைப் படித்த லியோ ஸிலார்டு என்னும் பௌதிக அறிஞர் மறு ஆண்டே அணுக்கருச் சங்கிலித் தொடர்வினை என்ற கருத்தை அடைந்தார். 1945-இல் ஹிரோஷிமா எரிந்தது. ஆகவே "கதையில் வருவதெல்லாம் கதைதான்" என்று பிள்ளைகளுக்குச் சொல்லுவோமானால் நாம் பொய் சொன்னவராவோம்.

எனின் மெய்யாகக்கூடிய கதையையும் ஆகாத கதையையும் எவ்வாறு பிரித்தறிவது? கணக்கிட்டுத்தான். 1930-களில் 'மரணக் கதிர்' என்ற பேச்சு ஐரோப்பா எங்கும் பரவியிருந்தது; விமானத்திலிருப்பவனைத் தொலைவிலிருந்தே கொல்லும் கதிர் என்றார்கள். பிரிட்டிஷ் விமான அமைச்சகம் 1935-இல் இதுபற்றி ராபர்ட் வாட்ஸன்-வாட் என்ற வானொலி நிபுணரைக் கேட்டது. அவர் நகைக்கவில்லை. ஒரு மனிதனின் உடம்பில் உள்ள குருதியின் அளவு நீரைச் சில கிலோமீட்டர் தொலைவிலிருந்து காய்ச்சல் நிலைக்குச் சூடேற்ற எவ்வளவு வானொலிச் சக்தி வேண்டும் என்று கணக்கிடும்படி தம் உதவியாளர் வில்கின்ஸிடம் கூறினார். வந்த விடை எவராலும் உண்டாக்க இயலாத அளவாக இருந்தது. ஆனால் அதே கணக்கின் தொடர்ச்சியாக, விமானத்தைக் கொல்ல முடியாவிடினும் அதில் பட்டுத் திரும்பும் அலையைக் கொண்டு அதனைக் கண்டுபிடிக்கலாம் என்று தெரிந்தது. ராடார் பிறந்தது இவ்வாறே. ஓர் அசட்டுக் கேள்விக்கு மதிப்புக் கொடுத்துக் கணக்கிட்டதன் பயன் அது.

நியூட்ரினோ ஆயுதத்துக்கும் இத்தகைய கணக்கு ஒன்று போடப்பட்டுள்ளது. போட்டவர்கள் எதிர்ப்பாளர்கள் அல்லர்; பௌதிக அறிஞர்களே. 2003-இல் ஹிரோடாகா சுகவாரா, ஹகுரா, சனாமி ஆகிய மூவர், மிகுந்த சக்தி வாய்ந்த நியூட்ரினோக் கற்றையைப் பூமியின் ஊடாகவே செலுத்தி, மறுபுறத்தில் எங்கோ வைக்கப்பட்டுள்ள அணுகுண்டுகளைச் செயலற்றவை ஆக்க முடியுமா என்று ஆராய்ந்து ஒரு கட்டுரை எழுதினர். சுகவாரா ஜப்பானின் கே.இ.கே. ஆராய்ச்சி நிலையத்தின் தலைவராக இருந்தவர். முடியும் என்பதே அவர்கள் கண்ட முடிவு. குண்டு தன் முழு வலிமையில் சுமார் 3 சதவீதத்துடன் அரைகுறையாக வெடித்து அழியும் என்றனர். ஆனால் அதற்கு வேண்டிய யந்திரத்தைப் பாருங்கள். 1,000 கிலோமீட்டர் சுற்றளவுள்ள வளையம். 1,000 டெரா எலெக்ட்ரான் வோல்ட் சக்தி. ஜெனீவாவில் 27 கிலோமீட்டர் சுற்றளவில் இயங்கும் உலகின் மிகப் பெரிய துகள் முடுக்கியில் ஒரு கற்றைக்கு வகுத்த உச்ச அளவே 7 தான். செலவு ஏறத்தாழ 10,000 கோடி டாலர். மின்சாரம் 50,000 மெகாவாட்டுக்கு மேல்.

இவ்வெண்களை மூணாற்றுக்குக் கொண்டுவருவோம். இடுக்கி அணையின் நீரால் இயங்கும் மூலமற்றம் மின்நிலையத்தின் திறன் 780 மெகாவாட். அதைப்போல் 64 மின்நிலையங்கள் ஒருசேர இயங்க வேண்டும். வளையத்தின் குறுக்களவு 318 கிலோமீட்டர். கன்னியாகுமரிக்கும் திருச்சிராப்பள்ளிக்கும் இடையே பறவை பறக்கும் தூரம் கிட்டத்தட்ட அவ்வளவு. இவ்வளவும் கட்டி முடித்தாலும் அதன் இலக்கு மலையன்று, மரமன்று. அணுகுண்டினுள் இருக்கும் யுரேனியமும் புளூட்டோனியமுமே. ஆறாம் வகுப்புப் பிள்ளை ஒரு வகுத்தலும் ஒரு பெருக்கலும் செய்து இதனைத் தானே கண்டுகொள்ளும். நாம் சொல்லி நம்புவதைவிடத் தானே வகுத்துக் காண்பது மேல்.

பொட்டிப்புரத்தில் திட்டமிட்டது இத்தகைய யந்திரம் எதுவுமன்று. அங்கே கற்றையை உண்டாக்கும் கருவியே கிடையாது. அது வருவதை எண்ணுவது. பள்ளி முற்றத்து மழைமானி மழையைப் பெய்விப்பதில்லை என்பதைக் களப்பணியாளர்களுக்கு நான் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. பிற்காலத்தில் 7,000 கிலோமீட்டருக்கு அப்பாலுள்ள ஐரோப்பிய ஆராய்ச்சி நிலையத்திலிருந்து இதனை நோக்கி ஒரு கற்றையை அனுப்பலாம் என்ற யோசனை விஞ்ஞானக் கட்டுரைகளில் இடம்பெற்றது மெய். எதிர்ப்பாளர்கள் அதனைச் சுட்டிக்காட்டியது புனைந்துரையன்று. அதனையும் மறைக்காமலே சொல்ல வேண்டும். அவ்வளவு தொலைவு கடந்து வரும் கற்றை பல கிலோமீட்டர் அகலம் பரந்துவிடும் என்பதையும், ஜப்பானில் டோக்காய் என்னும் இடத்திலிருந்து 295 கிலோமீட்டர் தொலைவிலுள்ள கமியோக்காவுக்கு 2010 முதல் ஊர்களுக்கும் வயல்களுக்கும் அடியே இத்தகைய கற்றை அனுப்பப்படுகிறது என்பதையும் உடன் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

நம்மவர்க்கு இன்னும் நெருங்கிய சான்று கோலார் தங்கவயல். அங்கே உழைத்தவர்களில் பெரும்பகுதியினர் தமிழர். அவர்கள் தங்கம் வெட்டிய சுரங்கத்தில், 2,300 மீட்டர் ஆழத்தில், இந்திய, ஜப்பானிய, பிரிட்டிஷ் விஞ்ஞானிகள் கருவி வைத்து 1965-இல் வளிமண்டல நியூட்ரினோவின் அடையாளத்தைக் கண்டனர். உலகில் இவ்வகையில் முதன்முதல் வெளியான அறிவிப்புக்களுள் அது ஒன்று. தென்னாப்பிரிக்கச் சுரங்கமொன்றில் மற்றொரு குழு ஏறத்தாழ அதே காலத்தில் இதையே கண்டது. தங்கவயல் சுரங்கங்கள் 2001-இல் மூடப்பட்டன. அவற்றை மூட வைத்தது பொருளாதாரம். நியூட்ரினோ ஆராய்ச்சியால் அவ்வூரில் எதுவும் உருமாறவில்லை.

இவ்வளவும் சொன்ன பின், ஆசிரியர் இத்துடன் நிறுத்திவிட்டால் பெருங்குற்றம் செய்தவராவார் என்று நான் கருதுகிறேன். ஏனெனில் இத்திட்டத்தைப் பற்றி எழுந்த வினாக்களில் ஆயுதம் ஒன்று மட்டுமே கதை, மற்றவை மெய்யானவை. முதலில் நீலகிரியில் சிங்காராவில் இவ்வாய்வகத்தை அமைக்க எண்ணினர். முதுமலைக் காட்டையும் யானைகளின் வழியையும் கருதி 2009-இல் மத்தியச் சுற்றுச்சூழல் அமைச்சகமே அவ்விடத்தை மறுத்தது. பொட்டிப்புரம் வந்தபின், 2017 மார்ச்சில் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் சுற்றுச்சூழல் அனுமதியை நிறுத்தி வைத்தது. காரணம் ஆயுதமன்று, கதிரன்று. இடுக்கி மாவட்டத்து மதிகெட்டான் சோலை தேசியப் பூங்கா 5 கிலோமீட்டருக்குள் இருக்கிறது என்பதும், அதற்குரிய பரிசீலனை நடைபெறவில்லை என்பதுமே காரணம். (உள்ளே சென்றவன் வழி தெரியாது மதி மயங்குவான் என்பதால் அச்சோலைக்கு அப்பெயர் என்று பூப்பாறைப் பக்கத்தார் கூறுவர்.) 2018-இல் புதிய அனுமதி கிடைத்தது; எனினும் தேசிய வனவிலங்கு வாரியத்தின் இசைவு வேண்டும் என்று தீர்ப்பாயம் கூறிற்று. 2022 பிப்ரவரியில் தமிழ்நாடு அரசு, பெரியாறு, மதிகெட்டான் காடுகளை இணைக்கும் புலிகளின் வழித்தடம் அங்கே உள்ளது என்று காட்டி, இத்திட்டத்தை ஏற்க இயலாது என உச்ச நீதிமன்றத்தில் தெரிவித்தது.

மலையைக் குடைய வெடிமருந்து வேண்டும். எவ்வளவு, எத்தனை ஆண்டுகள், அதிர்வு எத்துணைத் தூரம் உணரப்படும், வெட்டியெடுத்த கல்லை எங்கே கொட்டுவது, நீரூற்றுக்கள் என்னாகும் என்பன அனைத்தும் அளந்து விடை கூறத்தக்க வினாக்கள். அவற்றைக் கேட்பதற்கு மூணாற்று மக்களுக்கு உள்ள உரிமை பெரிது. 2020 ஆகஸ்டு 6-ஆம் தேதி இரவு, பெட்டிமுடியில் மலை சரிந்து தோட்டக் குடியிருப்புக்களை மூடியதில் 70 பேர் மாண்டனர். மலை அசையாது என்று அவர்களிடம் பொதுவாகச் சொல்லிவிட்டுப் போக எவராலும் இயலாது.

ஆயுதக் கதை செய்த உண்மையான தீங்கு இங்கேதான் உள்ளது. புலியின் வழியைப் பற்றிக் கவலையுற்றவரையும், குடிநீரைப் பற்றிக் கேட்ட விவசாயியையும், உலகம் உருமாறும் என்று அஞ்சியவரோடு ஒரே வரிசையில் நிறுத்தி, "இவர்களுக்கு விஞ்ஞானம் தெரியாது" என்று ஒதுக்குவதற்கு அக்கதை வசதியாயிற்று. மறுபுறம், வலுவான காரணங்கள் கையிலிருந்தும், கூட்டத்தைத் திரட்ட எளிதாக இருந்தமையால் அச்சத்தைப் பயன்படுத்தியவர்களும் உண்டு. இரு திறத்தாரும் தத்தம் வழக்கையே கெடுத்துக்கொண்டனர். விஞ்ஞானிகள் கிராமங்களுக்குச் சென்று விளக்கவில்லை என்று நான் சொல்லவில்லை. சென்றார்கள், தமிழிலேயே பேசினார்கள். ஆனால் கூட்டம் ஒரு மாலையில் முடிந்துவிடுகிறது. பள்ளி மறுநாளும் நடக்கிறது. மறுநாள் கேட்கப்படும் கேள்விக்கு அங்கே இருக்கிறவர் ஆசிரியரும், மாதம் ஒருமுறை வந்துபோகும் நம்மைப் போன்றவர்களுமே. இப்பொறுப்பை நாம் நிறைவேற்றவில்லை என்பது என் எண்ணம்.

இத்திட்டம் நிறைவேற வேண்டுமா, கைவிடப்பட வேண்டுமா என்று மாணவர்க்குத் தீர்ப்புக் கூறுவது ஆசிரியர் வேலையன்று. என் சொந்த விருப்பம் அவ்வாராய்ச்சி இந்நாட்டில் நடைபெற வேண்டும் என்பது. மதிகெட்டானுக்கு அருகில்தான் நடைபெற வேண்டும் என்பதில் எனக்கு அவ்வளவு உறுதியில்லை. மதுரையில் 85 டன் எடையுள்ள சிறு மாதிரிக் கருவி 2018-இல் இயங்கத் தொடங்கியது. சீனாவில் 20,000 டன் திரவம் நிரப்பிய ஜூனோ ஆய்வகம் 2025 ஆகஸ்டில் அளவீட்டைத் தொடங்கிவிட்டது. நியூட்ரினோ வகைகளின் நிறை வரிசையை அறிவதென்னும் அதே குறிக்கோள் அதற்கும் உண்டு.

அப்பள்ளிக்கு இரண்டு திங்கள் கழித்து மீண்டும் சென்றேன். முன்னர்ச் சிரித்த ஆசிரியரிடம் மூலமற்றம் கணக்கைக் கொடுத்து, பாடத்திட்டத்தில் இல்லாவிடினும் ஒரு பாடவேளையை அதற்கு ஒதுக்கும்படி கேட்டுக்கொண்டேன். பிள்ளைகள் 50,000-ஐ 780-ஆல் வகுத்தனர். சிலர் 64 என்றனர். ஒருவன் 640 என்று கூறி மீண்டும் வகுத்தான். கேள்வி கேட்ட சிறுவன் விடையை எழுதி முடித்ததும் கையை உயர்த்தினான். "சார், அது ஆயுதம் இல்லை என்றால் சரி. அங்கே வெடி வைத்தால் மதிகெட்டான் சோலையிலிருக்கிற மிருகத்துக்குக் கேட்குமா?" இம்முறை எவரும் சிரிக்கவில்லை. எனக்குத் தெரியாது என்று ஆசிரியர் கூறி, அலமாரியிலிருந்து இடுக்கி, தேனி மாவட்டப் படங்களை எடுத்துவந்து மேசைமேல் விரித்து, அளவுகோலைக் கொண்டுவரும்படி அவனை அழைத்தார்.